என் ஜோக்கைக் கேட்க நானே டிக்கெட் எடுத்த கதை

போன சனிக்கிழமை, என் சொந்த ஜோக்கைக் கேட்பதற்கு டிக்கெட் எடுத்துக்கொண்டு கடலூரிலிருந்து சிதம்பரம் போனேன்!

(பஸ்ஸில் ஜன்னல் சீட் கூடக் கிடைக்கவில்லை. அது தனிச் சோகம்.)

ஜோக் சொன்னவன் தேவநாதன். சிதம்பரத்தில் படித்தபோது ஹாஸ்டலில் என் அறையில் இருந்தவன். சொந்த ஊர் திருவந்திபுரம். (அந்த ஊர்ப் பெருமாள் பேரே அதுதான். அங்கே தெருவுக்கு நாலு தேவநாதன்.)

சென்னையில் நல்ல வேலையை விட்டுவிட்டு ஸ்டாண்டப் காமெடி என்று மைக்கைப் பிடித்தான். முதல் ஓபன் மைக்கில் எதிரே இருந்தது ஐந்து பேர், அதில் மூன்று பேர் அடுத்து மேடையேறக் காத்திருந்தவர்கள் என்று அவனே சொல்வான். அன்றைக்கு "கவலப்படாத மச்சான்" என்று மெசேஜ் போட்டேன். உள்ளுக்குள் கொஞ்சம் சந்தோஷமாகத்தான் இருந்தது.

இப்போது அவனுக்கு ஊர் ஊராக ஷோ. வாராவாரம் பாட்காஸ்ட். சிதம்பரம் பஸ் ஸ்டாண்ட் சுவரில் ஆளுயரப் போஸ்டர்!

நான் கடலூரில் குடிகாட்டுப் பக்கம் ஒரு கெமிக்கல் கம்பெனியில் ஷிஃப்ட் சூப்பர்வைசர். என் போட்டோ ஒட்டியிருக்கும் ஒரே இடம் கழுத்தில் தொங்கும் ஐடி கார்டு.

பொறாமையா என்று கேட்காதீர்கள். பொறாமைதான். வயிறு எரிகிறது.

மண்டபம் நிறைந்திருந்தது. பாதி ஷோவில் ஆரம்பித்தான்.

"நான் படிச்சது கிறிஸ்டியன் ஸ்கூல். ஃப்ரெண்டுங்க எல்லாம் பாவசங்கீர்த்தனத்துக்கு லைன்ல நின்னாங்க. லைன்னு ஒண்ணு இருந்தா கடைசியில சுண்டல் இருக்கும்னு நானும் நின்னேன்."

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. அது என் ஜோக்! எங்கள் மாதா கோயிலில், எட்டாம் வகுப்பில், எனக்கு நடந்தது! பாவசங்கீர்த்தனம் என்றால் நம் பாவங்களைச் சாமியாரிடம் சொல்லி மன்னிப்புக் கேட்பது என்று அவனுக்கு விளக்கியதே நான்தான்!

(சுண்டல் வரி மட்டும் அவனுடையது. நன்றாக இருந்தது. அதுதான் இன்னும் எரிந்தது.)

"சாமிக்குக் காது மந்தம். 'சாமி, காப்பி அடிச்சேன்'ன்னேன். 'தவக்காலத்துல காப்பி அடிக்கறது ஒண்ணும் பாவமில்லடா. எத்தினி அடிச்ச?' 'நாலு சாமி.' 'நாலா! ஒடம்புக்கு ஆவாதுடா!' வேற வழியில்லாம கத்தினேன், 'கணக்குப் பரீட்சையில காப்பி அடிச்சேன் சாமி!' திரும்பிப் பாத்தா, எனக்கு அடுத்து நிக்கறது எங்க கணக்கு வாத்தியாரு! அவரும் சாமிகிட்ட கத்தித்தான சொல்லணும்? 'சாமி, ஒரு பையன அடிச்சிட்டேன்!' 'எப்ப?' 'இனிமேதான் சாமி!'"

மண்டபமே அதிர்ந்தது. பக்கத்தில் என் மனைவி ஸ்டெல்லா கண்ணில் தண்ணீர் வரச் சிரிக்கிறாள்! நிச்சயதார்த்தத்திலிருந்து இதே ஜோக்கை அவளிடம் எத்தனை முறை சொல்லியிருப்பேன்! ஒருநாளும் சிரித்ததில்லை.

"நான் சொன்ன அதே ஜோக்குதான இது?" என்றேன்.

"அட, ஆமாங்க! சாமி 'எப்ப'ன்னு கேட்டதுமே நீங்க சிரிக்க ஆரம்பிச்சிடுவீங்க. அதுக்கப்புறம் நீங்க சொல்றது ஒண்ணும் புரியாது. கடைசியா வாத்தியாரு இன்னா சொன்னாருன்னு இன்னிக்குத்தான் எனக்குத் தெரியும்!"

எனக்கு வேண்டியது ஒன்றே ஒன்றுதான். அது என் ஜோக் என்று அவன் வாயால் நாலு பேர் முன்னால் சொல்ல வேண்டும்.

ஷோ முடிந்ததும் போனேன். செல்ஃபிக்குப் பெரிய கூட்டம். ஒரு பெண் என் கையில் ஃபோனைக் கொடுத்து, அவனோடு சேர்த்துப் படம் எடுக்கச் சொன்னாள். அவன் தலையை வெட்டிவிட்டு எடுத்துக் கொடுத்தேன். மனசு கொஞ்சம் ஆறியது.

"மாமா! வந்துட்டியா!" என்று கட்டிப்பிடித்தான். கூட்டத்தில் நின்று நான் யோசித்து வைத்த வசனம் வேறு. "சூப்பர் மச்சான்" என்றுதான் வந்தது.

ஸ்டெல்லாதான் கேட்டாள். "அண்ணா, அந்தக் கோயில் ஜோக்கு இவர்துதான?"

"இவன்துதாம்மா! ஆஸ்டல்ல தெனம் சொல்லுவான். சிரிப்புல பாதிதான் கேக்கும், தெனம் கேட்டுக் கேட்டு ஒண்ணாச் சேத்துக்கினேன். மாமா, நாளைக்கு நம்ம பாட்காஸ்ட்டுக்கு வா. நீயே சொல்லு. உன்துதான்னு ஊருக்கே சொல்லிடறேன்."

இப்படிக் கேட்ட உடனே ஒத்துக்கொண்டால் மனுஷன் எப்படித்தான் சண்டை போடுவது?

ஞாயிறு பூசை முடிந்ததும் கடலூரில் அவன் அக்கா வீட்டு மாடிக்குப் போனேன். சத்தம் வரக்கூடாதென்று ஃபேனை நிறுத்தி, ஜன்னலில் போர்வை கட்டியிருந்தான். வியர்வையில் தொப்பலாக நனைந்தேன்.

முதலில் என்னை அறிமுகப்படுத்தினான். "இந்த ஜோக்கோட உண்மையான ஓனர் இவன்தாங்க." காது குளிர்ந்தது!

சொல்ல ஆரம்பித்தேன். 'எப்ப' வந்தது. சிரித்துவிட்டேன்.

மறுபடியும் சொன்னேன். மறுபடியும் அதே இடத்தில் சிரித்தேன்.

"மாமா, உன் சிரிப்ப நீ வச்சிக்க. கேக்கறவனுக்கு வுடு" என்றான். ஏழாவது டேக்கில் உதட்டைக் கடித்துக்கொண்டு ஒருவழியாக முடித்தேன்.

தேவநாதன் சிரித்தான். நிஜமான சிரிப்பு. என் வாழ்நாளில் முதல்முறையாக அந்த ஜோக் என் வாயிலிருந்து முழுசாக ஒருத்தர் காதில் போய்ச் சேர்ந்தது. அன்று முழுக்க நான் தரையில் நடக்கவில்லை.

இன்று காலை அந்த இடத்தை மட்டும் வெட்டி ஒரு கிளிப் போட்டிருக்கிறான். அறிமுகம் முழு எபிசோடில்தான் வருமாம். கிளிப்பில் நான் சொல்கிறேன், அவன் சிரிக்கிறான், அவ்வளவுதான்.

முதல் கமெண்ட்: "தேவநாதன் அண்ணா ஜோக்க அவருகிட்டயே வந்து சொல்றான் பாரு, இன்னா தைரியம்!"

இரண்டாவது: "சொந்தமா யோசிங்க ப்ரோ. அண்ணன் சொன்னப்ப இருந்த சிரிப்பு வரல."

ஃபோன் போட்டேன். "வுடு மாமா, வியூஸ் பிச்சிக்கினு போவுது!" என்கிறான்.

நியாயம் கேட்கப் போனவன் திருட்டுப் பட்டத்தோடு உட்கார்ந்திருக்கிறேன், மக்களே!

அந்த இரண்டாவது கமெண்டுக்கு ஒரே ஒரு லைக் விழுந்திருந்தது. யார் அந்தப் புண்ணியவான் என்று தட்டிப் பார்த்தேன்.

ஸ்டெல்லா!

அடுப்படிக்குப் போய் ஃபோனை நீட்டினேன்.

"கை தவறிப் பட்டுடுச்சிங்க" என்றாள்.

முகத்தில் ஒரு சின்னச் சிரிப்பு கூட இல்லை. என்ன டைமிங்!