மாதம்மாள் தலையாட்டிய பத்திரம்

அன்று முகூர்த்த நாள். தர்மபுரி மாவட்டத்தில் நான் சார்பதிவாளராக இருந்த அலுவலகத்தில் டோக்கன் வாங்கியவர்கள் வாசல்வரை நின்றார்கள். நல்ல நேரத்துக்குள் பதிவாக வேண்டும் என்று ஆளாளுக்கு அவசரம். எனக்கும்தான், சர்வர் வேறு அடிக்கடி காலை வாரியது.

அடுத்தது ஒரு விடுதலைப் பத்திரம். அப்பா விட்டுப்போன நிலத்தில் தன் பங்கைத் தங்கை அண்ணனுக்கு விட்டுக்கொடுக்கிறாள். கட்டிக்கொடுத்த பெண்கள் வழக்கமாகச் செய்வதுதான். ஆனால் இந்த மாதம்மாளுக்குக் கல்யாணமாகவில்லை. முப்பது வயதிருக்கும். அம்மாவின் முந்தானையைப் பிடித்தபடி கேமராவைப் பார்த்துச் சிரித்தாள்.

"எழுதியிருக்கறது தெரியுமாம்மா? சம்மதமா?" எல்லோரிடமும் கேட்பதைக் கேட்டேன். தலையாட்டினாள். கைரேகை மெஷினை நகர்த்தினேன். அதை எடுத்துக் காதில் வைத்துக்கொண்டாள்.

சந்தேகம் தட்டியது. "பத்திரம் வேண்டாமா?" என்றேன். அதே சிரிப்பு, அதே தலையாட்டல். இத்தனை வருட சர்வீஸில் எத்தனை தலையாட்டலைச் சம்மதமாக எடுத்துக்கொண்டிருப்பேன்!

செய்வது இன்னதென்று புரியாதவரிடம் எழுதி வாங்குவதைப் பதிவு செய்யச் சட்டம் விடாது. மறுத்துவிட்டேன். அண்ணன் முனிராஜ் குதித்தார். இது குடும்ப விவகாரம், அவளுக்கு எதற்கு நிலம் என்றார். என்னைத் தைத்தது அம்மாவின் பேச்சுதான்.

"எனக்கப்பறம் இவன்தானுங்க மேடம் சோறு போடணும். எழுதிக் குடுத்தாத்தான் அவள வூட்டுல வெச்சுப் பாப்பான்."

"எழுதிக் குடுத்துட்டா அப்பறம் அவன கேக்க ஆளில்லம்மா," என்றேன்.

கலெக்டர் தலைமையிலான குழுவுக்கு மனுப் போட்டால், மாதம்மாளுக்குச் சட்டப்படி ஒரு பாதுகாவலரை நியமிப்பார்கள், அவரும் அந்தக் குழுவுக்குப் பதில் சொல்ல வேண்டும் என்று விளக்கி, மாற்றுத்திறனாளிகள் நல அலுவலகத்துக்கு அனுப்பினேன். போவார்களா, வேறு வழி பார்ப்பார்களா என்று பல நாள் மனசு அடித்துக்கொண்டது.

ஓய்வுபெற்ற பிறகு, காரிமங்கலம் சந்தையில் அந்த அம்மாவே என்னைக் கண்டுபிடித்துக் கூப்பிட்டார். பக்கத்தில் ஓர் ஆட்டுக்குட்டியைக் கயிற்றில் பிடித்தபடி மாதம்மாள்.

"நான்தானுங்க இப்ப அவளுக்குக் கார்டியன். எனக்கப்பறமும் வேற ஆளப் போடுவாங்களாம். பங்கு அவ பேருலயே இருக்குது. இப்பத்தானுங்க படுத்தா தூக்கம் வருது."

எனக்கும் மனசிலிருந்த பாரம் இறங்கியது. மாதம்மாளிடம் நலமா என்றேன். தலையாட்டினாள். "குட்டிய எனக்குக் குடுத்துடறியா?" என்று கயிற்றைத் தொட்டேன்.

வெடுக்கென்று கயிற்றை இழுத்துக்கொண்டு அம்மாவின் பின்னால் போய் நின்றாள். அவளுக்கும் முடியாது என்று சொல்லத் தெரியும். அதற்குத் தகுந்தபடி கேட்கத்தான் அன்று எனக்குத் தெரியவில்லை.