அடெலா எழுதிய ஆட்டங்கள்

முப்பத்தாறு வயதுவரை அடெலா டிரோஸ்ட்டுக்கு பேஸ்பால் பற்றி ஒன்றும் தெரியாது. ஏப்ரலில் தொடங்கும் தொல்லை, அக்டோபரில் ஓயும் தொல்லை என்பதோடு சரி. அவள் கணவர் எமில் அதற்கு நேர்மாறு. செயிண்ட் லூயிஸ் ரிவர்மென் அணி தோற்ற நாளில் அவர் ராத்திரிச் சாப்பாட்டைத் தொடமாட்டார்.

எங்கள் ஹார்லன் ஜங்ஷனிலிருந்து செயிண்ட் லூயிஸ் அறுபது மைல், ஆற்றுக்கு அந்தப் பக்கம். மைதானத்தை நேரில் பார்த்தவர்கள் ஊரில் பத்துப் பேர்கூடத் தேறமாட்டார்கள். ஆனால் எல்லா வீட்டிலும் ரேடியோ இருந்தது. அந்தத் தெருக்களில் இருபத்தாறு வருஷம் தபால் கொடுத்தவன் நான். கோடை மதியங்களில் எல்லா ஜன்னலும் திறந்திருக்கும். ஒரு வீட்டு வாசலில் கேட்கும்போது எறியப்பட்ட பந்து, நான் அடுத்த வீட்டுக்குப் போய்ச் சேர்வதற்குள் பிடிபட்டிருக்கும். தபால் பையைச் சுமந்துகொண்டே முழு ஆட்டத்தையும் கேட்டுவிடலாம்.

எமில் ரயில் எஞ்சின்களுக்குக் கொதிகலன் செய்யும் பட்டறையில் இருந்தார். கொதிகலனுக்கு உள்ளே உட்கார்ந்து ரிவெட் ஆணியைத் தாங்கிப் பிடிப்பது அவர் வேலை. வெளியே இரண்டு பேர் சம்மட்டியால் அடிப்பார்கள். பதினெட்டு வருஷம் அப்படி உட்கார்ந்தவருக்குக் காது என்ன ஆகும்? முதலில் சர்ச் மணி போயிற்று. பிறகு கடிகாரம், பிறகு குழந்தையின் குரல். 1938 வசந்தத்தில் மொத்தமும் போய்விட்டது. பட்டறையில் ஒரு சின்ன ஓய்வூதியம் கொடுத்து அனுப்பிவிட்டார்கள்.

அந்த வருஷம் முதல் ஆட்டம் நடந்த மதியம், எமில் பழக்கம்போல ரேடியோவைப் போட்டுவிட்டு அதன் மரப்பெட்டியின் மேல் உள்ளங்கையை வைத்துக்கொண்டு உட்கார்ந்தார். கூட்டம் ஆரவாரம் செய்யும்போது பெட்டி லேசாக அதிரும். அது கையில் தெரியும். எதற்கு ஆரவாரம் என்பது தெரியாது. மூன்று மதியம் அவர் அப்படி உட்கார்ந்திருந்ததை அடெலா பார்த்தாள். நாலாவது மதியம், கசாப்புக்கடையில் கேட்டு வாங்கிய பழுப்புக் காகிதச் சுருளும் ஒரு பென்சிலுமாக வந்து எதிரே உட்கார்ந்தாள்.

அவள் எழுதிய முதல் வரிகள் இவை: "ஒருத்தன் அடிச்சான். ஓடுறான். எல்லாரும் கத்துறாங்க."

காது போனவர்கள் பேசுவதுபோல எமில் உரக்கக் கேட்டார்: "எவன் அடிச்சான்? எந்தப் பக்கம் அடிச்சான்? அவனுக்குப் பேர் கிடையாதா?"

அடெலா பென்சிலை அழுத்தி எழுதினாள்: "பேரை எழுதறதுக்குள்ள அடுத்தவன் வந்துடறான். அவ்வளவு அவசரம்னா நீயே கேட்டுக்கோ."

எழுதிய பிறகுதான் என்ன எழுதினோம் என்பது அவளுக்கு உறைத்தது. கையால் மறைக்கப் பார்த்தாள். எமில் அதற்குள் படித்துவிட்டார். மேஜை அதிர அதிரச் சிரித்தார். காது போன பிறகு அவர் சிரித்தது அன்றைக்குத்தான் என்று அடெலா பின்னால் என்னிடம் சொன்னாள்.

ஜூன் வருவதற்குள் அவள் தேர்ந்துவிட்டாள். ஒவ்வொரு ஆட்டக்காரனுக்கும் ஒரு எழுத்து, ஒவ்வொரு வகை அடிக்கும் ஒரு குறி என்று தானே ஏற்படுத்திக்கொண்டாள். ஆனால் வர்ணனையாளர் சொல்லும் கிண்டலையும் வசவையும் மட்டும் முழு வாக்கியமாகவே எழுதுவாள். நடுவில் சோப்பு விளம்பரம் வந்தால் "சோப்பு" என்று எழுதுவாள். "எந்த சோப்பு?" என்பார் எமில். அதையும் எழுதுவாள். கூட்டவும் மாட்டாள், குறைக்கவும் மாட்டாள். க்ளீட்டஸ் ஹுல்ஸ்மன்னின் முடிதிருத்தகத்தில் நேற்றைய ஆட்டம் பற்றி ஆண்கள் சண்டை போட்டால் எமில் சட்டைப்பையிலிருந்து பழுப்புக் காகிதத்தை எடுத்து விரிப்பார். காது கேட்கிற பத்துப் பேரும் வாயை மூடிக்கொள்வார்கள்.

அவர்களுக்கு ஒரே மகன், நார்பர்ட். நிலக்கரிக் கொட்டகைச் சுவரில் பந்தை எறிந்து எறிந்து அதன் பலகைகளைப் பெயர்த்தவன். பதினெட்டு வயதில் அவனைச் சின்ன அணி ஒன்று சம்பளத்துக்கு எடுத்துக்கொண்டது. ஏழு வருஷம் பஸ்ஸிலேயே ஊர் ஊராகப் போய்ப் பந்து எறிந்தான். 1953 செப்டம்பரில், ரிவர்மென் அணியில் பந்தெறிபவர்கள் இருவருக்குக் காயம் என்று அவனை மேலே கூப்பிட்டார்கள்.

அவன் எழுதிய கடிதத்தைக் கொண்டுபோய்க் கொடுத்தவன் நான்தான். அடெலா வாசலிலேயே பிரித்துப் படித்தாள். "செவ்வாய்க்கிழமை மதியம் நான்தான் முதலில் எறிகிறேன். இரண்டு டிக்கெட் வைத்திருக்கிறேன். அப்பாவைக் கூட்டிக்கொண்டு வா."

அடெலா நீல உடுப்பை எடுத்து இஸ்திரி போட்டாள். எமில் அதைப் பார்த்துவிட்டுத் தலையை ஆட்டினார்.

"நான் வரல, அடெலா. அங்க எனக்கு என்ன தெரியும்? எங்கயோ தூரத்துல பொம்மை மாதிரி நாலு பேர் ஓடுவாங்க. சுத்தி எல்லாரும் வாயைத் திறந்து திறந்து மூடுவாங்க. இங்க இருந்தா நீ எழுதுவ. எனக்கு எல்லாம் தெரியும்."

அவள் இஸ்திரிப்பெட்டியை ஓரமாக வைத்தாள். பிறகு "சரி" என்று எழுதினாள். உடுப்பை மடித்து உள்ளே வைத்தாள்.

செவ்வாய்க்கிழமை காலையில் தபால் கொடுக்கப் போனபோது என்னை நிறுத்தினாள். "லியோ, இன்னிக்கு உன் சுத்து எத்தனை மணிக்கு முடியும்?"

"ஒரு மணிக்கு முடிச்சிடுவேன், மிஸஸ் டிரோஸ்ட்."

"வந்து கூட உட்காரு. என் கை நின்னுபோச்சுன்னா நீ எழுதணும்."

போனேன். சமையலறை மேஜையில் நாங்கள் மூன்று பேர். கதவைச் சாத்தியிருந்தாள். தெரு முழுவதும் ரேடியோ கேட்டுக்கொண்டிருந்தது. வாழ்த்தப் போகிறோம் என்று பீர் வாங்கி வைத்துக்கொண்டு நாலைந்து பேர் ஹுல்ஸ்மன் கடையில் காத்திருந்தார்கள்.

பேஸ்பாலில் ஒரு ஆட்டத்துக்கு ஒன்பது இன்னிங்ஸ்; எதிரணியில் மூன்று பேர் வீழ்ந்தால் அவர்கள் முறை முடிந்தது. முதல் இன்னிங்ஸில் மூன்று பேரையும் நார்பர்ட் வரிசையாக வீழ்த்தினான். எமில் மேஜையை ஒரு குத்துக் குத்தினார். காப்பி சிந்தியது. அதைத் துடைக்க எங்கள் யாருக்கும் தோன்றவில்லை.

இரண்டாவதில் தொடங்கியது கஷ்டம். பந்து இலக்கைவிட்டு விலகி விலகிப் போயிற்று. அதனால் விதிப்படி, அடுத்தடுத்து இரண்டு மட்டைக்காரர்கள் ஒரு அடிகூட அடிக்காமல் சும்மாவே முதல் தளத்துக்கு நடந்துபோனார்கள். மூன்றாமவன் சுவர்வரை அடித்தான். இரண்டு ரன். அடெலாவின் கை ஓடிக்கொண்டே இருந்தது. மறுபடி ஒரு அடி. மறுபடி ஒன்று.

அப்போது வர்ணனையாளர் சிரித்துக்கொண்டே சொன்னார்: "இந்தப் பையனை எந்தப் பண்ணையிலிருந்து பிடிச்சிட்டு வந்தாங்களோ, பஸ் கிளம்பறதுக்குள்ள திருப்பி அனுப்பிடலாம்."

அடெலாவின் பென்சில் நின்றது. அவள் என்னைப் பார்த்தாள். நான் வேண்டாம் என்று தலையசைத்தேன். எமில் எங்கள் இரண்டு பேர் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தார்.

"ஏதோ சொல்லிட்டான். என்ன சொன்னான்? எழுது."

அவள் எழுதினாள். ஒரு சொல்கூட விடவில்லை. எமில் அதை மெதுவாகப் படித்தார். கழுத்து சிவந்தது.

"பண்ணையா? என் பையன் பட்டறைக்காரன் மகன்டா" என்று ரேடியோவைப் பார்த்துக் கத்தினார். உடனே குரலைத் தணித்துக்கொண்டு கேட்டார்: "பந்து எல்லாம் மேலயே போகுதா?"

"ஆமாம். எல்லாமே உயரமா" என்று எழுதினாள்.

"அப்ப தோள் போயிடுச்சு" என்றார். "வலது கைக்காரன், ஈஸ்டருக்கு வந்தப்ப இடது கையால கதவைத் திறந்தான். கவனிச்சேன், கேக்கல."

மூன்றாவது இன்னிங்ஸ் நடுவில், ஐந்து ரன் போன பிறகு, பயிற்சியாளர் நடந்துவந்து நார்பர்ட்டின் கையிலிருந்து பந்தை வாங்கிக்கொண்டார். "நார்பர்ட் வெளியே போறான். தலையைக் குனிஞ்சுட்டுப் போறான்னு சொல்றாங்க" என்று எழுதினாள். அழுத்தியதில் பென்சில் முனை காகிதத்தைக் கிழித்தது. பென்சிலை வாங்கிக்கொள்ளக் கையை நீட்டினேன். கொடுக்கவில்லை.

ரேடியோவை நிறுத்திவிடலாமா என்று நான் எழுந்தேன். "உட்காருப்பா. ஆட்டம் முடியலியே" என்றார் எமில். இன்னும் ஆறு இன்னிங்ஸ், அவர்கள் மகன் இல்லாத ஆட்டத்தை, அவள் கடைசிப் பந்துவரை எழுதினாள். அணி ஒன்பதுக்கு நாலு என்று தோற்றது. அன்று எமில் சாப்பாட்டைத் தொடாமல் இருக்கவில்லை. அடெலா வைத்த உருளைக்கிழங்கையும் தொத்திறைச்சியையும் கடைசித் துண்டுவரை தின்றார்.

நார்பர்ட்டின் தோளை மருத்துவர்கள் பார்த்தார்கள். இனி எறிய முடியாது என்றார்கள். அக்டோபரில் வீட்டுக்கு வந்தவன் வாரக்கணக்கில் யாரிடமும் சரியாகப் பேசவில்லை. ஒரு நாள் அலமாரியில் எதையோ தேடும்போது அந்தச் செவ்வாய்க்கிழமைச் சுருள் கையில் கிடைத்தது. நான் வாசலில் தபாலோடு நின்றேன். உள்ளே சத்தம் கேட்டது.

"இதையும் எழுதினியாம்மா? பண்ணை, பஸ்ஸு... இதையுமா அப்பாகிட்ட காட்டின?"

"அவர் கேட்டாரு."

"விட்டிருக்கக் கூடாதா? ஒரே ஒரு வரி!"

அவன் முகத்தைப் பார்த்தே எமில் விஷயத்தைப் புரிந்துகொண்டார். "டேய், இங்க பாரு" என்றார். "பதினஞ்சு வருஷமா எனக்கு உலகத்துல கேக்கற சத்தம் இவ கைதான். அது ஒரு நாளும் பொய் சொன்னதில்ல. உனக்காக அன்னிக்கு ஆரம்பிச்சிருந்தா, அப்புறம் நான் எதைடா நம்புறது?"

நார்பர்ட் சுருளைக் கீழே வைத்துவிட்டுக் கொல்லைப்பக்கம் போனான். அந்தக் குளிர்காலத்தில் ரயில் நிலையத்தில் வண்டிகளைத் தண்டவாளம் மாற்றிவிடும் வேலைக்குச் சேர்ந்தான். ஏப்ரல் வந்தபோது, ஓய்வு நாட்களில் மேஜையில் மூன்றாவது நாற்காலி அவனுடையது. 1958இல் அடெலாவின் விரல்கள் வாதத்தில் வீங்கிப்போன பிறகு சில நாள் அவன் எழுதினான். "இவன் வளைவுப் பந்தை நம்பாம இருக்கான், முட்டாள்" என்று தன் கருத்தையும் சேர்ப்பான். எமிலுக்கு எரிச்சல் வரும். "ரேடியோ சொன்னதை மட்டும் எழுதுடா. உன் பிரசங்கம் வேண்டாம். உங்கம்மாவைக் கூப்பிடு!"

வீங்கிய விரல்களுக்கிடையில் பென்சிலைச் செருகிக்கொண்டு அவளே மறுபடி வந்து உட்காருவாள்.

எமில் 1960 ஜூனில் இறந்தார். சவ அடக்கம் முடிந்த மறுவாரம் தபாலோடு போனேன். தெருவெல்லாம் ஆட்டம் கேட்டது. அந்த வீடு மட்டும் மௌனமாக இருந்தது.

"ரேடியோ வைக்கலியா, மிஸஸ் டிரோஸ்ட்?"

"எனக்கு அந்த ஆட்டம் பிடிச்சதே இல்ல, லியோ."

நான் அசந்து நின்றுவிட்டேன். "இருபத்திரண்டு வருஷமா?"

"ஆமா. ஆனா நான் எழுதறப்ப அந்த மனுஷன் என் கையை விட்டுக் கண்ணை எடுக்கமாட்டான். எந்தப் புருஷன் கட்டினவளை மூணு மணி நேரம் அப்படிப் பார்ப்பான், சொல்லு?" என்றாள். பிறகு இடுப்பில் கட்டிய சமையல் ஏப்ரனால் மூக்கைச் சிந்திக்கொண்டு, அன்றைய தபாலை வாங்கிக்கொண்டாள்.

மறு வருஷம் ஆகஸ்டில் நார்பர்ட் அவளை வற்புறுத்திச் செயிண்ட் லூயிஸுக்குக் கூட்டிப்போனான். கார் ஓட்டியது நான். மேல்படி ஏறி மைதானம் கண்ணில் பட்டதும் அடெலா நின்றுவிட்டாள்.

"இவ்வளவு பச்சையா இருக்குமா? ஒருத்தரும் சொல்லலியே" என்றாள்.

நடுவில் இருந்த மண்மேட்டை நார்பர்ட் காட்டினான். அங்கிருந்துதான் எறிந்தேன் என்றான். அங்கிருந்து மட்டைக்காரன் நிற்கும் இடம்வரை அவள் கண்ணாலேயே அளந்தாள். "அவ்வளவு தூரமா?" என்று கேட்டு, அவன் வலது தோளில் கையை வைத்தாள். அவன் அந்தக் கையை விலக்கவில்லை. ஆட்டம் முடியும்வரை நாங்கள் அங்கேயே உட்கார்ந்திருந்தோம்.