மேற்குப் பார்த்த முழுக்கு

துபாயில் கோடை வந்தால் குழாய்கள் இரண்டும் இடம் மாறிவிடும். கராமாவில் நாங்கள் இருக்கும் பழைய கட்டடத்தின் மொட்டை மாடித் தொட்டி வெயிலில் காய்ந்து, ஜூன் பிறந்ததுமே பச்சைத் தண்ணீர்க் குழாயில் கொதிநீர் வரத் தொடங்கும். உடனே நாங்கள் ஹீட்டரை அணைத்துவிடுவோம். குளியலறைக்குள் நிழலில் தொங்குகிற ஹீட்டரில் தேங்கும் நீர் சற்று ஆறிக் கிடக்கும். ஆக, சிவப்புப் புள்ளி போட்ட குழாயில் குளிர்ந்த நீர், நீலப் புள்ளியில் வெந்நீர். ஊரிலிருந்து புதிதாக வருபவர்கள் முதல் நாள் அலறிக்கொண்டு வெளியே ஓடிவருவதும், நாங்கள் சிரிப்பதும் வருஷா வருஷம் நடக்கிற வேடிக்கை. என் அத்தை மட்டும் இதை நம்பவே இல்லை. ஒவ்வொரு முறை போன் பேசும்போதும், "அங்க குடிக்கத் தண்ணி உண்டாட்டி?" என்று கேட்பார். "கடல் தண்ணியக் காச்சிக் குடிக்கோம் அத்தை" என்றால், "போட்டி, கேலி பண்ணாத" என்று வைத்துவிடுவார்.

அந்த அத்தைதான் போன ஜூலையில் அம்பாசமுத்திரத்தில் இறந்துபோனார். என் கணவர் முருகேசன் அவருடைய மூத்த மகன். எனக்கு அப்பாவின் அக்கா மகன் என்பதால் கல்யாணத்துக்கு முன்பும் பின்பும் அவர் அத்தான்தான். அந்த நேரத்தில் அத்தானின் பழைய விசா ரத்தாகி, புதிய கம்பெனியின் விசா வந்து சேராமல் நடுவில் தொங்கிக்கொண்டிருந்தது. நாட்டை விட்டு வெளியே போனால் புது வேலை கைநழுவிப் போகும். போக முடியவில்லை. தம்பி கண்ணன் கொள்ளி வைத்தான். நாங்கள் வரவேற்பறை சோபாவில் உட்கார்ந்து போனில் பார்த்தோம். படம் அணைந்ததும் அத்தான் எழுந்து, சாவு வீட்டுக்குப் போய்வந்தவர்கள் குளிப்பதுபோலத் தலையோடு குளிக்கப் போனார். எந்தக் குழாய் என்ற நினைவில்லாமல் நீலத்தைத் திறந்துவிட்டார் போலிருக்கிறது. தோள்பட்டை சிவக்க வெளியே வந்து, "வெந்நில முழுகினா அது முழுக்காட்டி? ஊருக்குப் போயி ஆத்துல முழுகிக்கிடுதேன்" என்றார். புதுக் கம்பெனியில் ஒரு வருஷம் முடியாமல் லீவு கிடையாது.

அதற்குப் பிறகு அவர் அழவே இல்லை. அம்மா பேச்சு எடுத்தால் டிவி சத்தத்தைக் கூட்டுவார். நன்றாகச் சாப்பிட்டார், ஆபீஸ் போனார், மகள் மதுவுக்குக் கணக்கு சொல்லிக்கொடுத்தார். பார்ப்பவர்களுக்கு மனுஷன் தேறிவிட்டார் என்றுதான் தோன்றும். எனக்குப் பயமாக இருந்தது. மம்சார் கடற்கரைக்குக் கூட்டிப்போய், "இங்கயே முழுகிருங்களேன் அத்தான்" என்று ஒருநாள் கேட்டும் பார்த்தேன். "அமாவாசை இல்லாம கடல்ல முழுகலாமா?" என்று சாஸ்திரம் பேசினார். சாமி கும்பிடச் சொன்னால் ஓடி ஒளிகிற ஆள்! தொண்டைக்குள் ஒரு கல் கிடக்கிறது, அதை வெளியே எடுக்கப் பயப்படுகிறார் என்று மட்டும் எனக்குப் புரிந்தது. அந்தக் கல் எப்படியாவது விழுந்துவிட வேண்டும் என்பதே அந்த வருஷம் என் ஒரே வேண்டுதலாக இருந்தது.

டிசம்பர் தேசிய தின விடுமுறைக்கு ஓமன் போகலாம் என்று மதுதான் சொன்னாள். காலையில் கடலுக்கடியில் மீன் பார்ப்பது, மதியம் பூமி உள்வாங்கி உண்டான ஒரு குழியில் குளிப்பது, மாலையில் அழிந்துபோன ஒரு பழைய துறைமுக நகரம். எல்லாம் ஒரே நாளில், வழிகாட்டியோடு. இங்கே இருக்கும் நம்மவர்களுக்குத் தெரியும், நாம் விடுமுறைக்குப் போவதென்றால் ஊருக்குத்தான். மற்ற இடத்துக்குப் போவது ஏதோ தப்புச் செய்வதுபோல இருக்கும். அத்தானும் முதலில் முகம் சுளித்தார். புளியோதரையும் தயிர்சாதமும் கட்டிக்கொண்டு ஹத்தா எல்லை தாண்டியதும், ஒரு பக்கம் கறுத்த மலையும் அதைக் குடைந்து போகிற சாலையுமாகப் பார்த்து அவரே, "என்னமா போட்ருக்கான் ரோட்ட!" என்றார். சிவில் இன்ஜினியர். நல்ல சாலையைக் கண்டால் மனம் இளகும்.

மஸ்கட் ஓட்டல் வாசலில் மறுநாள் காலை எங்களை ஏற்றிக்கொண்டவர் சலீம். தாடி நரைத்த ஓமானி. வெள்ளை நீள அங்கி, தலையில் பூவேலை செய்த தொப்பி. ஹிந்தி, ஆங்கிலம், கொஞ்சம் மலையாளம் எல்லாம் கலந்து பேசினார். நாங்கள் கொண்டுபோன புளியோதரையைக் காரில் ஏறிய அரைமணி நேரத்திலேயே கேட்டு வாங்கிச் சாப்பிட்டுவிட்டு, பதிலுக்கு ஏலக்காய் மணக்கும் காவா என்கிற அரபுக் காப்பியும் பேரீச்சம்பழமும் தந்தார். துபாயில் இத்தனை வருஷம் இருந்தும் ஓர் அரபிக்காரரோடு ஒரே காரில் உட்கார்ந்து சாப்பிட்டது அன்றுதான் முதல் தடவை. அதைச் சொன்னால் ஊரில் யாரும் நம்பமாட்டார்கள்.

மலைகள் கைகோத்து நிற்கிற ஒரு சின்ன வளைகுடாவில் படகை நிறுத்தினார்கள். முகத்தில் கண்ணாடியும் வாயில் குழாயுமாக நான் தண்ணீரில் கவிழ்ந்தபோது எனக்கே சிரிப்பு. ஆனால் கண்ணைத் திறந்ததும் சிரிப்பு போய்விட்டது. கீழே இன்னோர் ஊரே இருந்தது. மஞ்சளும் நீலமுமாக மீன்கள் கூட்டம் கூட்டமாகத் திரும்பின. ஓர் ஆமை என்னைச் சட்டை செய்யாமல் புல் மேய்ந்துகொண்டிருந்தது. தரையில் ஒரு பச்சை இலைக்கு ஏங்குகிற இந்தப் பாலைவன நாடு, தன் செல்வத்தையெல்லாம் தண்ணீருக்கடியில் வைத்திருக்கிறது என்று அன்றுதான் தெரிந்தது. அத்தான் படகிலேயே உட்கார்ந்திருந்தார். மது கூப்பிட்டும் இறங்கவில்லை. தாமிரபரணியில் எதிர்நீச்சல் போட்டு வளர்ந்த மனுஷன்.

மதியம் வானம் மூடிக்கொண்டது. கடலோரச் சாலையில் போய், ஒரு பூங்காவுக்குள் நடந்தால் திடீரென்று தரை இல்லை. பெரிய வட்டக் குழி. அடியில் பச்சையும் நீலமும் கலந்த தண்ணீர். வானத்திலிருந்து நட்சத்திரம் விழுந்து உண்டான குழி என்று அந்தப் பக்கத்துக்காரர்கள் சொல்வார்களாம். கீழே இறங்கப் படிக்கட்டு கட்டி, கைப்பிடி வைத்து, ஒரு காகிதக் குப்பை இல்லாமல் வைத்திருக்கிறார்கள். நுழைவுச் சீட்டு இல்லை, கடை இல்லை. கடல் நீர் அடியில் கசிந்து வந்து, நிலத்து நீரோடு கலக்கிறது என்றார் சலீம். குறுக்கே ஒரு கேள்வி வந்தது, அத்தானிடமிருந்து. "அப்ப இது கடலும் இல்ல, கெணறும் இல்ல, என்னட்டி?" "ஆமா" என்றேன். சற்று நேரம் தண்ணீரையே பார்த்துக்கொண்டு நின்றவர், சட்டைப் பையிலிருந்து போனை எடுத்து என் கையில் கொடுத்துவிட்டு இறங்கினார்.

சலீம் விடவில்லை. "பாய், ஜாக்கெட்! நோ ஜாக்கெட், நோ வாட்டர்!" கம்பெனி விதி. அத்தானுக்கு ஆரஞ்சு நிற மிதவைச் சட்டையை மாட்டி, வாரையெல்லாம் இறுக்கி அனுப்பினார். இடுப்பளவு தண்ணீரில் நின்று அத்தான் மூக்கைப் பிடித்துக்கொண்டு மூழ்கினார். சட்டை அவரை மேலே தள்ளியது. மறுபடி மூழ்கினார்; மறுபடி தள்ளியது. முழுகவே முடியாதபடி செய்வதற்கென்றே தைத்த சட்டை அல்லவா அது! "அப்பா, வாட் ஆர் யூ டூயிங்?" என்று மது விழுந்து விழுந்து சிரித்தாள். எனக்கு மட்டும் தெரிந்துவிட்டது, என்ன செய்கிறார் என்று. அதற்குள் சலீம், ஆள் மூச்சுத் திணறுகிறார் என்று நினைத்து அங்கியோடு பாய்ந்து, அத்தானின் காலரைப் பிடித்து இழுத்துவந்து படியில் உட்காரவைத்துவிட்டார்.

"தபியத் டீக் ஹை, பாய்?" என்று உடம்பை விசாரித்தபடி நெஞ்சைத் தடவினார். அத்தானுக்கு ஹிந்தி சைட்டில் சிமெண்ட் இறக்கச் சொல்லும் அளவுக்குத்தான் வரும். "மேரா மதர்..." என்றார். மேலே சொல் வரவில்லை. கையை விரித்து, "ஜூலை. கலாஸ்" என்றார். முடிந்தது என்பதற்கு அரபியில் அதுதான்; வேலை முடிந்தால் சொல்கிற சொல், சாப்பாடு தீர்ந்தால் சொல்கிற சொல். அம்மாவுக்கும் அந்த மனுஷனிடம் இருந்தது அது ஒன்றுதான். பிறகு தண்ணீரைக் காட்டி, கைகூப்பி, "ப்ரேயர். கிஸ் தரஃப்?" என்று கேட்டார். எந்தப் பக்கம் என்கிறார். சூரியன் தெரியவில்லை, சுற்றிலும் ஒரே மாதிரிப் பாறைச் சுவர். இறந்தவர்களுக்குத் தெற்கு என்பது அவருக்குத் தெரியும். அது உலகத்துக்கே தெரியும் என்று நினைத்துவிட்டார்.

சலீம் தலை குனிந்து அரபியில் ஏதோ முணுமுணுத்தார். பிறகு ஒன்றும் கேட்காமல், தானே இறுக்கிய வார்களைத் தானே அவிழ்த்து அந்த ஆரஞ்சுச் சட்டையைக் கழற்றினார். உள்ளங்கையை விரித்து ஒரு பாறைச் சுவரைக் காட்டினார். அத்தான் அந்தப் பக்கம் திரும்பி மூன்று முறை மூழ்கி எழுந்தார். ஈர அங்கியோடு சலீம் அவருக்குப் பின்னால், எட்டினால் பிடிக்கிற தூரத்தில் நின்றிருந்தார். மூன்றாவது முழுக்கில் அத்தான் வெகுநேரம் வரவில்லை. வந்தபோது முகத்தில் தண்ணீர் மட்டும்தான் இருந்தது. "போதும்" என்றார். அழவில்லை. முழுகியும் கல் விழவில்லையே என்று எனக்கு ஆத்திரமாகக்கூட வந்தது.

அந்தப் பழைய துறைமுக நகரமான கல்ஹாத் போய்ச் சேர்ந்தபோது மேகம் கலைந்து மாலை வெயில் அடித்தது. பின்னால் மலை, முன்னால் கடல், நடுவில் சரிவு முழுக்கச் சுவர் அடித்தளங்களும் இடிந்த கற்களும். முழுதாக எஞ்சி நிற்பது ஒரு சமாதிக் கட்டடம் மட்டுமே. கூரை போனாலும் வளைவுகள் கம்பீரமாக நிற்கின்றன. அத்தான் அதைச் சுற்றி வந்து, "பவளப்பாற வச்சுக் கட்டிருக்கான், பாரு!" என்று மதுவுக்குக் காட்டினார். ஒரு காலத்தில் இது இந்தியப் பெருங்கடலின் பெரிய சந்தைகளில் ஒன்று என்றார் சலீம். இங்கிருந்து குதிரைகளைக் கப்பலேற்றி இந்தியாவுக்கு அனுப்பினார்களாம். இந்தியாவில் எங்கே என்று கேட்டேன். "மஅபர்" என்றார். எனக்குப் புல்லரித்தது. அது நம் கரைக்கு அரபிகள் வைத்த பெயர். பாண்டிய ராஜாக்கள் அரேபியக் குதிரை வாங்கியதையும், அவை தாமிரபரணி கடலில் கலக்கிற இடத்துக் காயல் துறையில் இறங்கியதையும் பள்ளிக்கூடத்தில் படித்திருக்கிறேன். பரீட்சைக்காகப் படித்தது, கல்லும் மண்ணுமாகக் காலடியில் கிடக்கிறது. "அப்ப இங்க உள்ள குதிர நம்ம ஆத்துத் தண்ணியக் குடிச்சிருக்கும்" என்றார் அத்தான். மாதங்களுக்குப் பிறகு அவர் வாயிலிருந்து நம்ம ஆறு என்ற பேச்சு வந்தது.

சலீம் தொழுகைக்கு நேரமாகிவிட்டது என்று சொல்லி, காரிலிருந்து விரிப்பை எடுத்து வந்தார். சமாதிக்குச் சற்றுத் தள்ளி விரித்து நின்றார். கடலுக்கு முதுகைக் காட்டி, வெயில் சாய்கிற மலையைப் பார்த்து. அத்தான் முதலில் சாதாரணமாகத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு சூரியனைப் பார்த்தார். மறுபடி சலீமைப் பார்த்தார்.

"ஏட்டி," என்றார். "இவாள் மேக்க பாத்துல்லா தொழுதாவ!"

எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. "அதுக்கென்ன அத்தான்?"

"அந்தக் குழியில எனக்கு இந்தப் பக்கத்தல்லா காட்டிருக்காவ! ப்ரேயர்னு கேட்டேன்... எங்கம்மைக்கு நான் மக்கா பாத்து முழுகிருக்கேன், தெரியுமாட்டி?"

சொல்லிவிட்டுச் சிரித்தார். குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார். நாள் தவறாமல் விளக்கேற்றி, பாபநாசத்துக்கு நடந்தே போய்வந்த அத்தையை நினைத்து எனக்கும் சிரிப்பு வந்துவிட்டது. சிரிப்பு எங்கே முடிந்தது என்று தெரியவில்லை. அவர் இடிந்த ஒரு சுவரின் மேல் உட்கார்ந்து, முகத்தை இரண்டு கையாலும் பொத்திக்கொண்டு, "அம்மா... அம்மா" என்று அழுதார். மது பயந்துபோய் என் கையைப் பிடித்தாள். "அழட்டும்டி" என்றேன். நானும் அழுதுகொண்டுதான் சொன்னேன். எனக்கு இருந்த நிம்மதியை என்னவென்று எழுதுவது!

தொழுது முடித்து வந்த சலீமிடம் விஷயத்தை நான்தான் ஆங்கிலத்தில் சொன்னேன். அவர் முகம் வாடிவிட்டது. "சிஸ்டர், ஸாரி. எனக்குத் தெரியாது. யல்லா, திரும்பிப் போவோம். சரியான பக்கம் பார்த்துக் குளிக்கட்டும்" என்று சாவியை எடுத்தார். அத்தான் தலையை ஆட்டி, வேண்டாம் என்றார். சலீம் அவர் பக்கத்தில் அந்தக் கல்லிலேயே உட்கார்ந்தார். கொஞ்ச நேரம் கழித்து, மலையைப் பார்த்தபடி, "மேரி மா பீ உதர் ஹி தேக்தி ஹை, பாய்" என்றார். என் அம்மாவும் அந்தப் பக்கம்தான் பார்த்துக்கொண்டிருக்கிறாள் என்று பொருள். அவர்கள் இறந்தவர்களை மக்கா நோக்கித்தான் படுக்கவைப்பார்கள் என்று மது மெதுவாக என்னிடம் சொன்னாள். பள்ளியில் கூடப் படிக்கும் பிள்ளைகள் சொல்லித் தெரியுமாம். அத்தான் சலீமின் கையைப் பிடித்துக்கொண்டு அப்படியே உட்கார்ந்திருந்தார்.

திரும்பும் வழியில் காரிலிருந்தே கண்ணனுக்குப் போன் போட்டார். ஸ்பீக்கரில் போட்டிருந்ததால் எங்களுக்கும் கேட்டது.

"முழுகிட்டேம்ல, தம்பி."

"எங்கன வச்சுண்ணே? துபாய்ல ஆறு உண்டா?"

"ஓமான்ல. நட்சத்திரம் விழுந்த குழி ஒண்ணு."

"சரி, தெக்க பாத்துதான முழுகின?"

"இல்லல. மேக்க."

"மேக்கயா? அது சரிவராதேண்ணே..." என்று இழுத்தான். பிறகு அவனே சமாதானமாக, "சரி விடு. அடுத்த வருசம் வருவல்லா? நம்ம ஆத்துல தெக்க பாத்து முறையா முழுகிக்கிடலாம்" என்றான்.

"முழுகுவேன். ஆனா மூணுல ஒரு முழுக்கு மேக்க பாத்துதாம்ல."

"அது எதுக்குண்ணே?"

அத்தான் கார் ஓட்டிக்கொண்டிருந்த சலீமின் முதுகைப் பார்த்தார். பிறகு, புரியாத பிள்ளைக்குச் சொல்வதுபோல மெதுவாகச் சொன்னார்:

"அம்மை இப்ப அந்தப் பக்கமும் இருக்கால்லா."