சித்தப்பா எடுத்த மோட்டார் படம்

என் சித்தப்பா சினிமாக்காரர் என்றால் எங்கள் ஊரில் எல்லார் முகமும் மலரும். பாட்டும் சண்டையும் இல்லாத படம் எடுப்பவர் என்றதும் மலர்ந்த முகம் சுருங்கிவிடும். விஞ்ஞானம் ஊருக்குள் வந்தால் மனிதர்களுக்கு என்ன ஆகிறது என்று படம் எடுத்தே மெட்ராஸில் காலத்தை ஓட்டியவர் அவர். அம்மை ஊசியைப் பற்றிய படத்தில் டாக்டரை ஒரு நிமிஷம் காட்டினால், ஊசிக்குப் பயந்து கம்மங்காட்டில் ஒளிந்த ஆளை மூன்று நிமிஷம் காட்டுவார். அவரைப் போல ஒரு மனுஷனை நான் பிறகு பார்த்ததில்லை.

எம்.ரெட்டியபட்டிப் பக்கம் எங்கள் கிணற்றுக்குத்தான் முதலில் கரண்டு மோட்டார் வந்தது. அப்பாவுக்குத் தலைகால் புரியவில்லை. அதைப் படம் எடுக்கத் தம்பியே வருகிறார் என்றால் கேட்கவா வேண்டும். பருத்தி எடுக்கும் பெண்களெல்லாம் அன்று முகூர்த்தச் சேலையில் வந்து நின்றார்கள். சித்தப்பா யார் மனதையும் நோகடிக்கவில்லை. ஃபிலிம் போடாமலே நாள் முழுக்கக் கேமராவை ஓட்டினார். மறுநாள் எல்லோரும் பழைய சேலையில் வந்த பிறகுதான் ஃபிலிம் போட்டாராம். இதைப் பல வருஷம் கழித்து அவரே சொன்னார்.

சில மாதங்களில் அருப்புக்கோட்டைத் தியேட்டரில், மேட்னிக்கு முன்னால் அந்தப் படத்தைப் போட்டார்கள். சித்தப்பாவும் வந்திருந்தார். ஊரே பஸ் ஏறியது. திரையில் அப்பா, மாலை போட்ட மோட்டாரை ஓடவிட்டார். தண்ணீர் பாய்ந்தது. விசில் பறந்தது. அடுத்து வந்தது பக்கத்துக் காட்டு மாமாவின் கிணறு, சித்தப்பா பிறகு ஒரு நடை வந்து எடுத்தது. அவர் மாடு கட்டிக் கமலையில் தண்ணீர் இறைப்பவர். எங்கள் மோட்டார் ஓட ஓட அவர் கிணறு வற்றியதையும், நீர் மொள்ளும் தோல் சால் வெறும் சேற்றை அள்ளி வந்ததையும் படம் காட்டியது. தியேட்டரில் தலைகள் அப்பா பக்கம் திரும்பின.

அப்பா எழுந்துவிட்டார். பெரிய படத்தைப் பார்க்கவிடாமல் என்னையும் இழுத்து வந்ததில் எனக்கு அழுகை. சித்தப்பா பின்னாலேயே பஸ் ஸ்டாண்டுக்கு வந்தார்.

"ஊரு முன்னால அண்ணன் மானத்த வாங்கிட்டியேலே" என்றார் அப்பா.

சித்தப்பா குரலை உயர்த்தவில்லை. "மோட்டாரு நல்லதுதாண்ணே. ஆனா அது வந்த கதைய மட்டும் சொல்லிட்டு, வந்த பெறகு நடந்தத மறைச்சா நான் என்னத்துக்குப் படம் எடுக்கணும்?"

"இனிமே என் வாசல மிதிக்காத" என்று சொல்லிவிட்டு அப்பா பஸ் ஏறினார்.

மறுநாளிலிருந்து எங்கள் மோட்டார் உச்சிப்பொழுது வரைதான் ஓடியது. பழுதாகிவிட்டது என்றே நினைத்தேன். அப்பாவுக்குத் தெரியாமல் சித்தப்பாவுக்கு ஒரு கார்டு எழுதினேன். உங்க கேமரா கண்ணுபட்டு மோட்டார் கெட்டுப்போச்சு, மத்தியானத்துக்கு மேல ஓட மாட்டேங்குது, வந்து பாருங்க என்று.

அடுத்த வாரமே வந்து வாசலில் தயங்கி நின்றார். அப்பா அவரைப் பார்த்து, "சாப்ட்டியாலே?" என்றார், அவ்வளவுதான்.

நான் சித்தப்பாவின் கையைப் பிடித்துக் கிணற்றடிக்கு இழுத்துப் போனேன். உச்சி சாய்ந்து எங்கள் மோட்டார் நின்றிருந்தது. பக்கத்துக் காட்டில் மாமாவின் கமலை மாடுகள் ஏறி இறங்கிக்கொண்டிருந்தன. சாலிலிருந்து தண்ணீர் கொட்டியது. சித்தப்பா அதையே பார்த்துக்கொண்டு நின்றார். கண் கலங்கியிருந்தது. வந்த வேலையை விட்டுவிட்டு அங்கே என்ன வேடிக்கை என்று எனக்குக் கோபம். முதல்ல மோட்டாரப் பாருங்க சித்தப்பா என்று அவர் சட்டையைப் பிடித்து இழுத்துக்கொண்டே இருந்தேன்.