உம்மாவின் நோன்பும் தம்பியின் ஈரத்துணிகளும்

அப்போது எனக்கு ஒன்பது வயது. தம்பி பிறந்து நாற்பது நாள் கழிந்த மறுநாளே உம்மா ரமழான் நோன்பு பிடிக்கத் தொடங்கிவிட்டார். லுணுகலையில் வாப்பாவின் கடைக்குப் பின்னால் எங்கள் வீடு. வாப்பாவின் அக்காவான மாமியும் எங்களோடு இருந்தார். காய்ச்சலில் கிடந்தும் ஒரு நோன்பு விடாதவர் அவர். அதை மற்றவர்கள் மறந்துவிடாமலும் பார்த்துக்கொள்வார்.

தம்பி நனைக்கும் துணிகளைக் கசக்கிப் போடுவது என் வேலை. மலையிலிருந்து விழும் பீலித் தண்ணீரில் கை விறைத்துப்போகும். நாளுக்குப் பத்துத் துணியாவது சேரும். நானும் அரை நாள் நோன்பு பிடித்து, துணி குறைய வேண்டும் என்று அல்லாஹ்விடம் துஆக் கேட்டேன். அல்லாஹ் உடனே கேட்டுவிட்டான். பத்து ஆறாயிற்று, ஆறு நாலாயிற்று. தம்பி அழுது தொந்தரவு செய்வதையும் விட்டுவிட்டு எந்நேரமும் தூங்கினான். எனக்குப் பெருமை தாங்கவில்லை.

நாலாம் நாள் பின்னேரம் பிள்ளையைப் பார்க்க மிட்வைஃப் மிஸ்ஸி வந்தார். தேயிலைத் தோட்டத்துப் பக்கத்துத் தமிழ்ப் பெண். பிள்ளை எத்தனை தரம் நனைக்கிறது என்று கேட்டார். உம்மா குனிந்து தம்பியின் போர்வையை இழுத்துவிட்டார்.

"இன்டைக்கு ரெண்டே ரெண்டு, மிஸ்ஸி," என்றேன் நான், முந்திக்கொண்டு.

மிஸ்ஸி தம்பியின் உச்சிக்குழியைத் தடவினார். அது உள்வாங்கியிருந்தது.

"உடனே ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போகணும்மா. நீங்களும் இப்பவே தண்ணி குடிங்க. பிள்ளைக்குப் பால் பத்தல."

"நோன்பு துறக்க ரெண்டு மணித்தியாலம்தானே இருக்கு," என்றார் உம்மா. கண் மாமியின் பக்கம் போயிற்று.

"உங்க மார்க்க விசயம் எனக்குத் தெரியாதுங்க. பிள்ளை தாங்காதுங்கிறது மட்டுந்தான் தெரியும்."

எல்லோரும் பயந்த அந்த மாமிதான் குசினிக்குப் போய்த் தண்ணீர் கொண்டுவந்தார்.

"பால் குடுக்கிறவளுக்கு அல்லா லேசாக்கித்தான் தந்திருக்கான். விட்ட நோன்பப் பொறகு புடிச்சுக் கழாச் செய்யலாம். எனக்குப் பயந்தா நீ இப்பிடிக் கிடந்தாய்? குடி."

உம்மா அழுதுகொண்டே குடித்தார். நோன்பு முறிந்ததற்குத்தான் அழுகிறார் என்று நான் நினைத்தேன். வாப்பா முச்சக்கர வண்டி பிடித்து இருவரையும் பதுளை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார். என் துஆதான் தம்பியைப் படுக்க வைத்துவிட்டதோ என்று எனக்கு ஒரே பயம். யாரிடமும் சொல்லவில்லை.

மூன்றாம் நாள் தம்பி தேறி வீட்டுக்கு வந்தான். உம்மா என்னை இழுத்து மடியில் வைத்து, "நல்ல வேளை, நீ சொன்னாய் மகள்," என்று தலையில் முத்தமிட்டார்.

துணி குறைந்துபோனதை உம்மாவும் மூன்று நாளாகப் பார்த்துக்கொண்டுதான் இருந்தார், தன் வாயால் சொல்லத்தான் அவரால் முடியவில்லை என்பது நானும் ஒரு பிள்ளைக்குப் பால் கொடுத்தபோதுதான் எனக்கு விளங்கியது. அன்று, நான் சரியாக எண்ணிச் சொன்னதைத்தான் மெச்சுகிறார் என்று நினைத்து, பத்துக்கு மேலும் எனக்கு எண்ணத் தெரியும் என்றேன்.