காசில்ஹில்லின் கதவுதட்டி

அச்மத் ஜார்டியன் தையற்காரர். ஆனால் கேப்டவுனின் காசில்ஹில் தொகுதியில் அவரைக் ‘கதவுதட்டி’ என்றால்தான் தெரியும். தேர்தல் வந்தால் கட்சிக்காக வீடு வீடாக ஏறி இறங்குவார். செருப்புத் தைக்கும் ஃபோர்ட்டுயின், “வந்துட்டியா? போன தடவை தர்றேன்ன குழாய் எங்கப்பா?” என்று ஏசிக்கொண்டே ஓட்டுப் போடக் கிளம்புவார்.

பிறகு, 1956இல் நிறவெறி ஆட்சியாளர்கள் வெள்ளையரல்லாதவர்களைப் பொது வாக்காளர் பட்டியலிலிருந்து பிரித்தெடுத்தார்கள். பத்து வருடம் கழித்து, காசில்ஹில் தொகுதி இருந்த மலைச்சரிவையே வெள்ளையருக்கென்று அறிவித்து வீடுகளை இடித்தார்கள். ஆளில்லாத தொகுதியின் பெயரும் வரைபடத்திலிருந்து போயிற்று. சனம் தொலைவில், மணற்காட்டுக் குடியிருப்புகளில் சிதறியது. பள்ளிவாசல் மட்டும் மிஞ்சியது.

வெள்ளிக்கிழமைத் தொழுகைக்கு அச்மத் பஸ் ஏறி அங்கேதான் போவார். ஒருநாள் திரும்பி வந்தவர் முகம் வெளிறியிருந்தது.

“ஃபோர்ட்டுயின் வீட்டுல தட்டினேன். பதிலே இல்ல.”

“எந்த வீட்டுல? அங்க புல்லுதானே கெடக்கு?” என்றாள் மனைவி ருகையா.

“வாசப்படி இருக்கே. குனிஞ்சு தட்டுவேன். எல்லாரும் உள்ளேருந்து குரல் குடுப்பாங்க. இன்னிக்கு அவன் மட்டும் குடுக்கல.”

ருகையா சிரித்துவிட்டாள். மறுநாள் சேதி வந்தது. அந்த வெள்ளிக்கிழமை மத்தியானமே ஃபோர்ட்டுயின் மணற்காட்டு வீட்டில் இறந்திருந்தார்.

அடுத்தது மீன்காரர் சாலமன்ஸ். அதன்பின் அச்மத்தைக் கண்டாலே ஆட்கள் தெருவைக் கடந்து எதிர்ப்பக்கம் போனார்கள். சிலர் மட்டும் தயங்கித் தயங்கி வந்தார்கள்.

“பாய், நான் குரல் குடுத்தேனா?”

“குடுத்தே, குடுத்தே. காது கிழியக் கத்தினே.”

ருகையாவும் ஒருநாள் கேட்டாள்: “நம்ம வீட்டுல தட்டுனீங்களா?”

அச்மத் கையிலிருந்த ஊசியைத் துணியில் குத்தி வைத்தார். “தட்டினேன். ‘இருங்க, திறக்கிறேன்’னு உன் குரல் கேட்டுச்சு. தாழ்ப்பாளும் நகந்துச்சு. ஓடி வந்துட்டேன்.”

“இனி அந்தப் பக்கமே போகாதீங்க.”

அவர் போகவில்லை. வெள்ளிக்கிழமைகளில் ஜன்னலோரம் உட்கார்ந்து தைத்தார்.

1994இல் எல்லோருக்கும் ஓட்டு வந்தது. தொகுதி என்று எதுவும் இல்லை, எங்கே வேண்டுமானாலும் போடலாம். பழைய பட்டியலில் வெள்ளையரல்லாத பெண்களுக்கு இடமே இருந்ததில்லை; ருகையாவுக்கு வாழ்நாளில் முதல் ஓட்டு. சரிவின் அடியிலிருந்த பள்ளிக்கூடத்துக்குத்தான் போகவேண்டுமென்று அச்மத் பிடிவாதம் பிடித்தார்.

வரிசையில் நின்றார்கள். காற்றே இல்லை. ஆனால் பழைய வாசற்படிகள் கிடந்த சரிவில், ஆட்கள் வரிசையாக இறங்கி வருவதுபோல், புல் ஒற்றையடிப் பாதையளவுக்கு மேலிருந்து கீழாக மடிந்துகொண்டே வந்தது. ருகையா அரையடி முன்னே நகர்ந்து, பின்னால் இடம் விட்டாள். அடுத்து வந்தவர்கள் அந்த இடத்தை விட்டுத் தள்ளியே நின்றார்கள். ஏனென்று யாரும் கேட்கவில்லை.

“திரும்பிப் பாக்காதே,” என்றார் அச்மத். “கூச்சப்படுவாங்க.”