கூட யாரும்மா வந்திருக்கா?

போன செவ்வாய்க்கிழமை ஒரு பொய் சொன்னேன். சின்னப் பொய்தான். ஆனால் அது என்னை அரை நாள் உயிரோடு வாட்டி எடுத்துவிட்டது.

வலது விலாவுக்குக் கீழே கொஞ்ச நாளாக ஒரு மந்தமான வலி. பித்தப்பையில் கல் இருக்குமோ என்று ஸ்கேன் எடுக்கச் சொல்லியிருந்தார் டாக்டர். ஸ்கேன் எடுத்த பெண் ஒரே இடத்தில் தேய்த்துக்கொண்டே இருந்தாள். "மூச்சை இழுத்துப் பிடிங்க... இன்னொரு தடவை..." எனக்குப் பக்கென்றது. ரிப்போர்ட்டைப் பிரித்தால் கல் இல்லை — லிவரில் ஒரு சிஸ்ட்!

மிஷன் ஸ்கூலில் காலமெல்லாம் இங்கிலீஷ் எடுத்து ரிட்டயர் ஆனவள் நான். சிஸ்ட் என்றால் கட்டி. கட்டி என்றால்...? அதற்கு மேல் யோசிக்க மனசு வரவில்லை.

கோச்சடையில் டவுன் பஸ் ஏறி, சிம்மக்கல்லில் இறங்கி, ரிப்போர்ட்டோடு ஆஸ்பத்திரிக்குப் போனேன். நம் ஊர் ஆஸ்பத்திரிகளில் ஒரு வழக்கம் உண்டு, கவனித்திருக்கிறீர்களா? "என்ன செய்யுது?" என்று கேட்பதற்கு முன்னாலேயே, "கூட யாரும்மா வந்திருக்கா?" என்று கேட்பார்கள். ஒரு பேஷன்ட்டுக்கு நாலு பேர் துணைக்கு வருகிற ஊர் இது. தனியாக வந்தவளை ஒரு பார்வை பார்ப்பார்கள் பாருங்கள்... நோயைக்கூடத் தாங்கிக்கொள்ளலாம், அந்தப் பார்வையைத் தாங்க முடியாது.

நர்ஸ் கேட்டாள். என் வாயில் தானாக வந்துவிட்டது. "மகன் வந்திருக்கான்மா. காரைப் பார்க் பண்ணிட்டு வாரான்."

கையில் பஸ் டிக்கெட் கசங்கிக்கொண்டிருந்தது.

ரிப்போர்ட்டை வாங்கிக்கொண்டு உள்ளே போன நர்ஸ் திரும்பி வந்தாள். "ஒங்க மகன் வரட்டும்மா. டாக்டர் ரெண்டு பேர்ட்டயும் சேத்தே சொல்லிருவாரு."

அவ்வளவுதான், எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. மகனை வைத்துக்கொண்டு சொல்ல வேண்டிய சங்கதி என்றால் அது என்ன சங்கதி? நல்லதென்றால் என்னிடமே சொல்லிவிட மாட்டார்களா?

எனக்குப் பின்னால் வந்தவர்கள் எல்லாம் உள்ளே போய்த் திரும்பிக்கொண்டிருந்தார்கள். நர்ஸ் எட்டிப் பார்த்து "வந்துட்டாராம்மா?" என்பாள். "இந்தா, வந்துருவான்" என்பேன். பொய்யை வாபஸ் வாங்க ரோஷம் விடவில்லை. மகனுக்கு போன் போடலாம் என்றால், அவன் இருக்கிற நாட்டில் இது அர்த்த ராத்திரி. தூங்குகிறவனை எழுப்பி, "டாக்டர் உனக்காகக் காத்திருக்கிறார்" என்றா சொல்வது? என் வீட்டுக்காரர் உயிரோடு இருந்திருந்தால்... அவர் போனதிலிருந்து இந்த 'இருந்திருந்தால்' ஒன்றுதான் எனக்குத் துணை. உள்ளதைச் சொல்கிறேன் — அன்றைக்கு நான் பயந்தது சாவுக்கு இல்லை. அந்தச் செய்தியைத் தனியாக உட்கார்ந்து கேட்கப் போகிறேனே என்றுதான் பயந்தேன்.

பக்கத்தில் கொட்டாம்பட்டிக்காரப் பெண் ஒருத்தி. மாமியாரைக் காட்டுவதற்குக் குடும்பமே வேன் பிடித்து வந்திருந்தது. ரொம்ப நேரமாக என்னைப் பார்த்துக்கொண்டிருந்தவள், குரலைத் தாழ்த்திக் கேட்டாள். "யக்கா, ஒங்க மகன் வரமாட்டாரு... அப்படித்தான?"

தலையை மட்டும் ஆட்டினேன். கண்ணில் தண்ணீர் முட்டிக்கொண்டது.

"அதுக்கென்ன, நான் வாரேன். எந்திரிங்க." நர்ஸிடம் போய், "இவுகளுக்கு நான் தங்கச்சி முறை வேணும். மகன் வரும்போது வரட்டும், எங்கள உள்ள விடும்மா" என்றாள். நர்ஸும் விட்டுவிட்டாள்.

டாக்டர் பேஷன்ட்டான என்னை விட்டுவிட்டு என் புதுத் தங்கையிடம் பேச ஆரம்பித்தார்! "பயப்பட ஒண்ணுமில்லம்மா. அக்காவுக்கு லிவர்ல ஒரு நீர்க்கட்டி. மெல்லிசான பை, உள்ள வெறும் தண்ணி. கேன்சர் இல்ல. பொறந்ததுல இருந்தே இருந்திருக்கலாம். நெறையப் பேருக்கு இருக்கும், தெரியவே தெரியாது. வேற எதுக்காச்சும் ஸ்கேன் எடுக்கையிலதான் கண்ணுல படும்."

"ஊசியப் போட்டு அந்தத் தண்ணிய உறிஞ்சிரலாம்ல டாக்டர்?"

"உறிஞ்சினா பெரும்பாலும் மறுபடி ஊறிரும். பெருசாகித் தொந்தரவு குடுத்தா வயித்துல சின்னத் துளை போட்டு, லேப்ராஸ்கோப்ல பையோட மேல் சுவரை வெட்டி விடுவோம். இது சின்னது, ஒண்ணும் பண்ண வேணாம். சுவர் தடிப்பாவோ, உள்ள தடுப்புத் தடுப்பாவோ இருந்தாத்தான் சிடி, எம்ஆர்ஐன்னு போகணும். இந்த வலி கேஸ் வலி மாதிரி தெரியுது. மாத்திரை தாரேன்."

பிறகு என் பக்கம் திரும்பினார். "வீட்ல நாய் வளக்குறீங்களாம்மா?"

"நாய்கூட இல்ல டாக்டர்."

எதற்குக் கேட்டார் என்று அவரே சொன்னார். நாயின் வயிற்றுப் புழுவால் லிவரில் வேறு வகைக் கட்டி வருமாம். அதை அவசரப்பட்டு ஊசியால் குத்தக்கூடாதாம். என் கட்டி அப்படித் தெரியவில்லை, இருந்தாலும் எல்லோரிடமும் கேட்டு வைப்பது வழக்கமாம்.

"அம்புட்டுத்தானா டாக்டர்?" என்றாள் தங்கை.

"அம்புட்டுத்தான்."

"அப்புறம் எதுக்கு மகன் வரட்டும்னு சொன்னீங்க?" என்று நான் கேட்டேன்.

"மகன் வந்திருக்காருன்னு நர்ஸ் சொன்னாங்க. வந்தவர் ஒரு எட்டு உள்ள வந்துட்டுப் போகட்டுமேன்னு சொன்னேன்."

வெளியே வந்ததும் கொட்டாம்பட்டிக்காரி என் இரண்டு கையையும் பிடித்து அழுத்தினாள். என் கையை ஒருவர் பிடித்து எவ்வளவு காலமாயிற்று! அதற்குள் அவள் வீட்டு ஆட்கள் கூப்பிட்டார்கள். போய்விட்டாள். நான் பேர்கூடக் கேட்கவில்லை.

வராந்தாவில் போனைக் கையில் வைத்துக்கொண்டு நின்றேன். கெட்ட செய்தி என்றால் யாரை வேண்டுமானாலும் எழுப்பிச் சொல்லலாம். 'எனக்கு ஒன்றுமில்லை' என்பதை யாரை எழுப்பிச் சொல்வது? அதைக் கேட்டு "அப்பாடா" என்று சொல்வதற்குத்தானே வீட்டில் ஒரு ஆள் வேண்டியிருக்கிறது? போனைப் பைக்குள் போட்டுக்கொண்டேன்.

கிளம்பும்போது நர்ஸ் விடவில்லை. "என்னம்மா, கடைசி வரைக்கும் ஒங்க மகன் வரவே இல்லையே? பார்க்கிங் கெடைக்கலையோ?"

"கெடைச்சிருச்சும்மா" என்றேன்.

டொராண்டோவில்.